பழமையும் புதுமையும் ஒரே கூரையின் கீழ்

(பொன்விழாத் தயாரிப்புக் கூட்டத்தில் பங்குத் தந்தை ஆற்றிய உரை)



பொன்விழாக் குழுவினர் இன்று மாலை நமக்குக் கொடுத்திருக்கும் தலைப்பு, "நம் அன்றாட வாழ்வில் பாரம்பரியமும் நவீனமும்" என்பதாகும். இத்தகைய தலைப்பைக் கேட்டவுடன் நம்மில் பலருக்குப் பட்டிமன்றம்தான் நினைவுக்கு வரும். ஓர் அணியினர் எழுந்து, "அந்தக் காலம்போல் வருமா?" என்று அம்மியையும் ஆட்டுக்கல்லையும் கூட்டுக் குடும்பத்தையும் எண்ணிக் கண்ணீர் வடிப்பார்கள். மற்றோர் அணியினர் ஆஸ்பத்திரியையும் ஆகாய விமானத்தையும் காட்டி அவர்களைக் கேலி செய்வார்கள். நடுவர் முடிவில், "இரண்டும் வேண்டும்" என்று தீர்ப்புச் சொல்வார். எல்லோரும் கைதட்டிவிட்டு, சுண்டல் பொட்டலத்தோடு வீடு திரும்புவோம்.

அந்தத் தீர்ப்பில் நமக்கு நிறைவில்லை. இரண்டும் வேண்டும் என்பதைச் சொல்ல ஒரு நடுவர் தேவையில்லை. இரண்டும் ஏற்கெனவே நம் வீடுகளில் குடியிருக்கின்றன. எதனோடு எதைக் கலந்திருக்கிறோம், அவ்வாறு கலந்ததால் யாருக்கு நன்மை, யாருக்குத் தீங்கு என்று பார்ப்பதே நமக்குரிய வேலை. ஆகையால் மேடையை விட்டிறங்கி வீட்டுக்குள் போவோம்.

வாசலைத் தாண்டியதும் சுவரில் தொங்குவது நாட்காட்டி. காலையில் எழுந்து ஒரு தாள் கிழிக்கிறோமே, அதுதான். பெரிய எழுத்தில் ஆங்கிலத் தேதி. அது 1582-ஆம் ஆண்டில் பாப்பரசர் பதின்மூன்றாம் கிரகோரியார் திருத்திக் கொடுத்த கணக்கு. பக்கத்தில் தமிழ் மாதமும் தேதியும். அதன் கீழ் ஹிஜ்ரி மாதம். அதற்கும் கீழே இராகு காலம், எமகண்டம், இராசி பலன். இத்தனையும் உள்ளங்கை அகலத் தாளில் சண்டை சச்சரவின்றி இருக்கின்றன. இந்திய அரசாங்கமும் ஒரு நாட்காட்டி செய்தது. விஞ்ஞானி மேகநாத் சாகா தலைமையில் 1952-இல் ஒரு குழு அமைத்து, நாட்டில் வழங்கிய பற்பல பஞ்சாங்கங்களை ஆராய்ந்து, சக ஆண்டை அடிப்படையாகக் கொண்ட தேசிய நாட்காட்டியை 1957 மார்ச் 22 முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்தார்கள். அரசிதழில் அந்தத் தேதி உண்டு. ஆனால் இன்றைக்குச் சக ஆண்டின் எந்த மாதம், எந்தத் தேதி என்று இந்த அவையில் யாரேனும் சொல்ல முடியுமா? அறிஞர்கள் கூடிச் செய்த கலப்பு வீட்டுக்குள் நுழையவில்லை. சிவகாசி அச்சகத்தார் செய்த கலப்பு ஆணியில் ஏறி உட்கார்ந்துகொண்டது.

அந்த இராகு காலத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. சூரிய உதயம் முதல் அஸ்தமனம் வரையுள்ள பகற்பொழுதை எட்டாகப் பங்கிட்டு, கிழமைக்கு ஒரு பங்கை இராகுவுக்கு ஒதுக்குவது பழைய கணக்கு. அப்படியானால் பகல் நீளும் சித்திரைக்கும் பகல் குறுகும் மார்கழிக்கும் நேரம் மாறவேண்டும் அல்லவா? நம் தாளிலோ திங்கட்கிழமை என்றால் 7.30 முதல் 9 வரை. வெள்ளிக்கிழமை என்றால் 10.30 முதல் 12 வரை. ஆண்டு முழுவதும் அதே நேரம். 1906-இல் நாட்டுக்கு ஒரே நேரம் என்று வந்த இரயில்வே கடிகாரத்துக்கு இராகுவும் கட்டுப்பட்டுவிட்டது! நாம் பழமை என்று மதிக்கிற பலவற்றில் இப்படி ஒரு கடிகார முள் ஒளிந்திருப்பதை யாரும் கவனிப்பதில்லை.

நம் பங்கில் இராகு காலம் பார்ப்பவர் ஒருவரும் இல்லை என்று நம்புகிறோம். ஆயினும் சனிக்கிழமைத் திருமணம் என்றால், "சாமி, பூசையை 9 மணிக்கு வேண்டாம், 8 மணிக்கே வைத்துவிடுங்கள், சமையல்காரர் அவசரப்படுத்துகிறார்" என்று வந்து நிற்பார்கள். சனிக்கிழமை 9 முதல் 10.30 வரை என்ன நேரம் என்பது நமக்கும் தெரியும். தவக்காலத்திலும் திருவருகைக் காலத்திலும் கல்யாணம் வைப்பதில்லை; அது திருச்சபையின் ஒழுங்கு. ஆடியில் வைக்கலாமே என்றால், "காற்றடிக்கும், பந்தல் நிற்காது." மார்கழி என்றால், "பனி, சாமி." ஆக, உலகத்திலேயே கல்யாணத்துக்கு நாள் கிடைக்காமல் திண்டாடுகிறவர்கள் தமிழ்க் கத்தோலிக்கர்களாகத்தான் இருக்கவேண்டும்.

அடுக்களையில் அதிக நேரம் நிற்கவேண்டியதில்லை. ஒன்றை மட்டும் பாருங்கள். எதையும் அரைத்துத் தள்ளும் கத்தி வைத்த இயந்திரங்கள் எத்தனையோ உண்டு. நம்மவர்களுக்கு அது போதவில்லை. கத்தி மாவைச் சூடாக்கும், இட்லி கல்லாகிவிடும் என்று சொல்லி, கல்லையே மோட்டாரில் பூட்டினார்கள். புவிசார் குறியீடு பெற்ற கோயம்புத்தூர் கிரைண்டர் அப்படிப் பிறந்ததுதான். கல் இருக்கிறது, மூன்று மணி நேரம் குழவியைச் சுற்றிய கைக்குத்தான் விடுதலை. ஆட்டுக்கல் போயிற்றே என்று மேடையில் கண்ணீர் விடும் ஆண்மக்களில் எத்தனை பேர் அதில் ஒரு நாளாவது மாவாட்டினார்கள் என்பதைத் தாய்மார்கள்தான் சொல்லவேண்டும்.

இந்தக் கலப்பு இன்று நேற்றுத் தொடங்கியதன்று. 1578-ஆம் ஆண்டில் கொல்லத்தில் "தம்பிரான் வணக்கம்" அச்சானது. பதினாறே பக்கம். அச்சு இயந்திரம் அன்றைக்குப் புத்தம் புதியது. கடல் கடந்து வந்தது. ஆனால் முத்துக்குளித்துறை மக்களோடு வாழ்ந்த அன்றிக்கே அடிகளார் தமிழ் எழுத்துகளையே அச்சாக வார்க்கச் செய்து, தமிழ் செபத்தை அதில் ஏற்றினார். அதற்குப் பிறகு நூறாண்டுகளுக்கு மேல் கடந்து வந்த வீரமாமுனிவர், ஓலையில் புள்ளி வைக்காமல் எழுதியதால் எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வேறுபாடு தெரியாமல் வாசகர் இடர்ப்படுவதைக் கண்டு, நெட்டெழுத்துக்குத் தனி வடிவம் கொடுத்தார். இன்று "தேர்" என்று எழுதும்போது நாம் இடுகிற இரட்டைச் சுழிக் கொம்பு அவர் காலத்துப் புதுமை. இப்போது அதைத் தமிழின் தொன்மை என்கிறோம். 1978-இல் தமிழக அரசு ணை, லை, னை முதலிய எழுத்துகளின் துதிக்கைக் கொம்பை மாற்றியபோது முகம் சுளித்தவர்களும் இருந்தார்கள். அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்குப் பழைய எழுத்தைக் காட்டினால் இது என்ன மொழி என்று கேட்கிறார்கள்.

மாயூரம் வேதநாயகம் பிள்ளையை நம் பிள்ளைகள் மறந்துவிடக் கூடாது. 1826-இல் திருச்சிப் பக்கம் குளத்தூரில் பிறந்த கத்தோலிக்கர், முன்சீபாக இருந்தவர். ஆங்கிலேயர் கோர்ட்டு அன்றைக்கு நவீனம். அதில் உட்கார்ந்துகொண்டு, சட்டத் தீர்ப்புகளைத் தமிழில் தந்தார். நாவல் என்பது மேல்நாட்டு வடிவம். அதில் நம் பாட்டிமார் கதைகளையெல்லாம் போட்டு நிரப்பி, 1879-இல் "பிரதாப முதலியார் சரித்திரம்" என்ற முதல் தமிழ் நாவலை வெளியிட்டார். பெண்கள் கல்வி கற்கவேண்டும் என்று அந்தக் காலத்திலேயே வாதாடினார். புதிய பாத்திரத்தில் எதை இடுவது, எதை இடக்கூடாது என்று தெரிந்த மனிதர்.

இனி நம் பக்கத்து ஊர்களுக்கு வருவோம். பேராவூரணி, கீரமங்கலம், ஆலங்குடி வட்டாரங்களில் ஆடி, ஆவணி மாதங்களில் மொய் விருந்து நடப்பதை நீங்கள் அறிவீர்கள்; உங்களில் பலர் போய்ச் சாப்பிட்டுவிட்டு வந்தவர்கள், மொய் எழுதியவர்கள். வெளியூர்க்காரர்களுக்கு இதை விளக்குவது கடினம். வீட்டில் கல்யாணமும் இல்லை, காதுகுத்தும் இல்லை. ஆனால் பந்தல் உண்டு, கறி விருந்து உண்டு, நோட்டுப் புத்தகம் உண்டு. சில ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒருவருக்கு முறை வரும். அவர் மற்றவர்களுக்கு இதுவரை செய்தது சேர்ந்து, அதற்குமேல் ஒரு தொகையும் சேர்ந்து அவர் கைக்கு வரும். பெரும்பாலும் வட்டி கிடையாது. கடன் பத்திரம் கிடையாது. சாட்சிக் கையெழுத்துக் கிடையாது. அந்தப் பணத்தில் ஒருவர் ஆழ்குழாய்க் கிணறு தோண்டுவார். ஒருவர் மகளைப் பொறியியல் கல்லூரியில் சேர்ப்பார். வாங்கிய பணத்தைத் திருப்பிச் செய்யாதவர் பிறகு அந்த வட்டாரத்தில் தலைநிமிர்ந்து நடக்க முடியாது. அந்தக் கூச்சம்தான் இதற்கு ஜாமீன்.

இப்போது அந்தப் பந்தலில் நோட்டுப் புத்தகத்துக்குப் பக்கத்தில் மடிக்கணினி இருக்கிறது. பணம் எண்ணும் இயந்திரம் படபடக்கிறது. மொய் எழுதியவருக்கு அச்சிட்ட இரசீது கிடைக்கிறது. சிங்கப்பூரிலிருக்கும் மருமகன் செல்போனிலேயே அனுப்பிவிடுகிறார். ஐந்தாறு பேர் சேர்ந்து ஒரே பந்தலில் விருந்து வைத்துச் செலவைப் பங்கிட்டுக்கொள்கிறார்கள். அதுவும் புதிய கணக்கு. அந்தக் கணினி செய்த வேலை என்ன? பெயர் மறந்துபோதல், தொகை தவறிப்போதல் ஆகிய சச்சரவுகளைக் குறைத்தது. "நீ எனக்குச் செய்தாய், நான் உனக்குச் செய்வேன்" என்ற வாக்கு கணினிக்குள் இல்லை. அது ஊராருடைய மனதில் இருக்கிறது. 2018 நவம்பரில் கஜா புயல் அடித்துத் தென்னைகள் வேரோடு சாய்ந்தன. அடுத்து 2020-இல் கொள்ளை நோயும் ஊரடங்கும் வந்தன. பலருக்குத் திருப்பிச் செய்யக் கையில் ஒன்றுமில்லாமல் போயிற்று. அப்போது கணினி ஒழுங்காகப் பாக்கியைக் காட்டிக்கொண்டுதான் இருந்தது. பொறுத்துக்கொள்வதா, வீட்டு வாசலில் நின்று கேட்பதா என்பதை மனிதர்கள்தான் முடிவு செய்யவேண்டியிருந்தது.

துக்க வீட்டுக்கும் போய்வருவோம். இதில் நாம் கொஞ்சம் நின்று பேசவேண்டியிருக்கிறது. ஏனெனில் ஆண்டு முழுவதும் நாம் உங்கள் வீடுகளுக்கு வருவதில் பாதி இதற்காகவே. முன்பெல்லாம் காலையில் ஓர் உயிர் பிரிந்தால் மாலைக்குள் அடக்கம். கோவிலில் துக்க மணி அடிக்கும். ஆள் விட்டுச் சொல்வார்கள். தூரத்து ஊர்களுக்குத் தந்தி போகும். தந்தி வந்தாலே பிரித்துப் பார்க்காமல் அழத் தொடங்கிய வீடுகளை நாம் அறிவோம். அந்தத் தந்திச் சேவையும் 2013 ஜூலையில் நின்றுபோயிற்று. அடக்கம் முடியும்வரை அந்த வீட்டில் அடுப்பு எரியாது. ஒரு பகல் பட்டினி, அவ்வளவுதான்.

இப்போது ஐஸ் பெட்டி வந்துவிட்டது. கண்ணாடி மூடி போட்ட அந்தப் பெட்டியை வாடகைக்கு எடுத்து, நடுக்கூடத்தில் வைத்து, மின்சாரம் போய்விடாமல் இன்வெர்ட்டரும் பொருத்திவிடுகிறார்கள். யாருக்காக? துபாயிலிருந்து விமானம் ஏறிய மகனுக்காக. மகன் வந்து முகம் பார்க்கவேண்டும், முதல் பிடி மண் அவன் கையால் விழவேண்டும் என்பது நம் முன்னோர் வழக்கம். ஐஸ் பெட்டி இல்லாவிட்டால் அந்த வழக்கம் வளைகுடா வேலைவாய்ப்பு வந்த நாளிலேயே செத்திருக்கும். ஆக, இயந்திரம் பழைய கடமையைக் காப்பாற்றியிருக்கிறது. அதே சமயம் வேறொரு சிக்கல். ஒரு பகல் பட்டினியாக இருந்தது இப்போது இரண்டு நாள், மூன்று நாளாக நீள்கிறது. பிள்ளைத்தாய்ச்சியும் சர்க்கரை நோயாளியும் எப்படிப் பசி பொறுப்பார்கள்? யாரும் கூட்டம் போட்டுத் தீர்மானிக்கவில்லை. பக்கத்துத் தெருப் பெண்கள் தூக்குச் சட்டியில் கஞ்சியும் துவையலும் கொண்டுவரத் தொடங்கினார்கள். அந்த வீட்டு அடுப்பு இன்னும் எரிவதில்லை. ஊர் அடுப்பு எரிகிறது. இதைப் போன்ற அழகான திருத்தத்தை எந்தச் சட்டசபையும் செய்ய முடியாது என்பது நம் எண்ணம்.

எனினும் ஒன்றைச் சொல்லாமல் விட முடியவில்லை. ஐஸ் பெட்டிக்குள் இருக்கும் தாயின் முகத்தைப் பார்க்க, மேலதிகாரியிடம் மன்றாடி லீவு வாங்கி, இரண்டு மடங்கு விலை கொடுத்து டிக்கெட் எடுத்து வருகிறான் மகன். நல்ல மகன்தான், அழுகையும் பொய்யில்லை. அந்தத் தாய் இருந்த கடைசி நான்கு ஆண்டுகளில் அவள் முகத்தை எத்தனை தடவை பார்த்தான்? "தினமும் வீடியோவில் பார்ப்பேன், சாமி" என்கிறான். அவள் நம்மிடம் சொன்னது வேறு. "போனில் அவன் முகம் தெரியும், ஆனால் கை நீட்டினால் கண்ணாடிதான்" என்றாள். நோயில் பூசுதல் கொடுக்கப் போனபோது நம் கையை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தாள். இதற்கு நவீனத்தைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. அந்த வேலை இல்லாவிட்டால் கடன் அடைந்திருக்காது, தங்கைக்குக் கல்யாணம் நடந்திருக்காது. இறந்தபின் முகம் பார்ப்பதை மட்டும் மரபு என்று பிடித்துக்கொண்டு, இருக்கும்போது உடனிருப்பதை மரபுக் கணக்கில் சேர்க்காமல் விட்டவர்கள் நாம்தான்.

இதுவரை சொன்னவற்றில் ஓர் உண்மை தெளிவாகியிருக்கும். புதிய கருவி வந்து பழைய வழக்கத்தை அழிப்பதில்லை; பழைய வழக்கம்தான் புதிய கருவியின் தோளில் ஏறிக்கொள்கிறது. நல்ல வழக்கம் ஏறினால் நன்மை வேகமாகப் போகிறது. கெட்ட வழக்கம் ஏறினால்?

கர்ப்பிணியின் வயிற்றைச் சோதிக்கும் ஸ்கேன் கருவியை எடுத்துக்கொள்ளுங்கள். தாயையும் சேயையும் காக்க வந்த அருமையான சாதனம். ஆண் பிள்ளைதான் வேண்டும் என்ற பழைய ஆசை அதன் தோளில் ஏறியது. விளைவை அரசாங்கத்தின் மக்கள்தொகைக் கணக்கே சொல்கிறது. ஆறு வயது வரையுள்ள ஆயிரம் ஆண் குழந்தைகளுக்கு 1961-இல் இந்தியாவில் 976 பெண் குழந்தைகள் இருந்தார்கள். 1991-இல் 945, 2001-இல் 927, 2011-இல் அதனினும் குறைவு. படிப்பு வளர்ந்தது, மருத்துவம் வளர்ந்தது. பெண் குழந்தைகளின் எண்ணிக்கை குறைந்தது. 1992-இல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கவேண்டி வந்தது. கருவில் பாலினம் அறிவதைத் தடுக்க 1994-இல் சட்டம் வந்தது. "இது எங்கோ நடப்பது, நம் பங்கில் இல்லை" என்று சொல்வீர்கள். இருக்கலாம். ஆனால் மூன்றாவதும் பெண்ணாகப் பிறந்த வீட்டுக்கு நாம் போனபோது, குழந்தையை வாழ்த்த வந்த உறவினர்கள் துக்கம் விசாரிப்பதுபோல் உட்கார்ந்திருந்ததைப் பார்த்திருக்கிறோம்.

அந்த முகவாட்டத்துக்குக் காரணம் வரதட்சணை என்பதை யாருக்கும் விளக்கவேண்டியதில்லை. 1961-லேயே அதற்குத் தடைச் சட்டம் வந்துவிட்டது. அதனால் என்ன? பணமுடிப்புப் போய்க் கார் வந்தது. கட்டில் பீரோ போய் அடுக்குமாடி வீட்டின் முன்பணம் வந்தது. பட்டம் பெற்ற பெண், சம்பாதிக்கும் பெண், அவளுக்கும் சவரன் கணக்கு. அவளுடைய சம்பளத்தையும் சேர்த்துப் பேரம் பேசுவது மட்டுமே புதிது. கிறிஸ்தவர்களாகிய நமக்குச் சொத்தில் மகனுக்கும் மகளுக்கும் சம பங்கு என்பது 1925-ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டத்திலேயே இருக்கிறது. நம் வீடுகளில் எத்தனை மகள்களுக்கு நிலத்தில் பங்கு எழுதப்பட்டிருக்கிறது? கேட்டால், "நகை போட்டு அனுப்பிவிட்டோமே" என்கிறோம். வேதநாயகம் பிள்ளை முன்சீபாக வந்து இந்த வழக்கைக் கேட்டால் என்ன தீர்ப்புச் சொல்வார் என்று நாம் அடிக்கடி நினைப்பதுண்டு.

இனிச் சாதி. முகம் வாடாமல் கேளுங்கள். வரன் தேடும் கணினித் தளத்தில், மதம் கத்தோலிக்கர் என்று குறித்ததும் அடுத்த கட்டம் என்ன கேட்கிறது? பழைய தரகரிடமாவது, "கொஞ்சம் முன்னே பின்னே இருந்தாலும் பரவாயில்லை" என்று சொல்லலாம். கணினியிடம் அது நடக்காது. ஒரு பொத்தானில் மற்றவர்கள் அத்தனை பேரையும் கண்ணில் படாமல் மறைத்துவிடுகிறது. ஊர்ப் பெரியவர் அரைநாள் அலைந்து விசாரித்ததை அது அரை நொடியில் விசாரித்து முடிக்கிறது.

திருச்சபையும் இதில் தப்பவில்லை. தத்துவ போதகர் 1606-இல் மதுரைக்கு வந்து, காவி உடுத்து, மரக்கறி உண்டு, சந்நியாசியாக வாழ்ந்தார். பூணூலும் சந்தனமும் நாட்டு வழக்கங்களே என்ற அவருடைய வாதத்தை 1623-இல் பாப்பரசர் பதினைந்தாம் கிரகோரியார் ஏற்று அனுமதி கொடுத்தார். இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்கு மூன்று நூற்றாண்டுகளுக்கு மேல் முன்னதாக இப்படிச் சிந்தித்த மேதை அவர் என்பதில் ஐயமில்லை. ஆனால் மொழியோடும் உடையோடும் சாதி வேற்றுமையும் நாட்டு வழக்கம் என்ற பெயரில் உள்ளே வந்துவிட்டது. அதற்கு நாம் இன்றுவரை விலை கொடுக்கிறோம். வடக்கன்குளத்தில் பிற்காலத்தில் ஒரு கோவில் கட்டினார்கள். ஐரோப்பியக் கட்டடக் கலை; எதற்குப் பயன்பட்டது தெரியுமா? ஒரே பீடத்தை நோக்கி இரு பிரிவாகக் கட்டி, சாதிகள் ஒருவரை ஒருவர் பாராமல் பூசை காணுவதற்கு! இருபதாம் நூற்றாண்டின் தொடக்கப் பகுதியில்தான் நடுச்சுவர் இடிபட்டது. அதே வடக்கன்குளத்தில் 1745-இல் ஞானஸ்நானம் பெற்றவர் நம் புனித தேவசகாயம். அரண்மனை அதிகாரியாக இருந்தும் தாழ்த்தப்பட்டோருடன் சமமாகப் பழகி, 1752-இல் காற்றாடிமலையில் சுடப்பட்டு இறந்தவர். அவரைப் பாப்பரசர் பிரான்சிஸ் 2022 மே 15 அன்று புனிதர் என்று அறிவித்தார். அதற்கு முன்பே, அவர் பெயரோடு ஒட்டியிருந்த சாதிப் பட்டம் நீக்கப்பட்டது. இருநூற்று எழுபது ஆண்டு கழித்தாவது நீக்கினார்களே!

நல்ல கலப்பும் நம் கோவிலில் உண்டு. அதைச் சொல்லாவிட்டால் நியாயமாகாது. 1969-இல் இந்திய ஆயர்கள் கேட்டுக்கொண்டபடி உரோமை பன்னிரண்டு மாற்றங்களுக்கு அனுமதி வழங்கியது. காலணியைக் கழற்றிவிட்டு வருவது, தரையில் அமர்வது, கைகூப்பி வணங்குவது, குத்துவிளக்கு ஏற்றுவது, ஆரத்தி எடுப்பது ஆகியவை அப்படி வந்தவை. "கோவிலை இந்துக் கோவிலாக்குகிறார்கள்" என்று அப்போது எதிர்த்தவர்கள் உண்டு. இன்று திருவிழாவில் குத்துவிளக்கு இல்லாவிட்டால் அவர்கள் வீட்டுப் பிள்ளைகளே கோபித்துக்கொள்வார்கள். கல்யாணத்தில் உரோமை நகரத்து மோதிரத்தையும் சிலுவை பொறித்த தாலியையும் ஒரே தட்டில் வைத்து மந்திரிக்கிறோம். இரண்டில் எது அந்நியம் என்று எந்த மணப்பெண்ணும் கேட்டதில்லை.

இப்போது பொன்விழாக் காரியம். தேர்க் குழுவினர் மிகுந்த ஊக்கத்தோடு வேலை செய்கிறார்கள், அவர்களைப் பாராட்டுகிறோம். தேருக்கு இந்த ஆண்டு மின்சாரம் குறைவாகத் தின்னும் எல்.இ.டி. விளக்குகள், சத்தம் போடாத ஜெனரேட்டர், வெளிநாட்டிலுள்ள பிள்ளைகள் பார்ப்பதற்கு நேரடி ஒளிபரப்பு. நாதசுரமும் உண்டு, பேண்டு வாத்தியமும் உண்டு. இவை எல்லாவற்றிலும் ஒருமனதாக முடிவெடுத்தாயிற்று.

முடிவாகாமல் நிற்பது பவனி போகும் வழி. ஐம்பது ஆண்டுகளாகப் போகிற வழி என்று ஒன்று இருக்கிறது. அதில் வாய்க்காலுக்குத் தெற்கேயுள்ள இரண்டு தெருக்கள் இல்லை. அந்தத் தெருக்களிலிருந்து வரி வாங்குகிறோம். பந்தல் போட ஆள் வாங்குகிறோம். தேர் மட்டும் போவதில்லை. ஏன் என்று விசாரித்தால், ஆதியில் வாய்க்காலுக்குப் பாலம் இல்லை, தேர் இறங்க முடியாது என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். அன்றைக்கு அது உண்மை. பாலம் கட்டி இருபது ஆண்டுகளுக்கு மேலாகிறது. அறுவடைக் காலத்தில் நெல் மூட்டை ஏற்றிய லாரிகளும் கதிர் அறுக்கும் இயந்திரமும் அதன்மேல்தான் போகின்றன. தேர் போனால் என்ன என்று கேட்டால், "வழக்கம் இல்லை, சாமி" என்கிறார்கள். "இது நம் பாரம்பரியம்" என்று இளைஞர் ஒருவர் நமக்குக் கைப்பேசியில் செய்தியே அனுப்பியிருந்தார்.

இதற்கான கூட்டம் வருகிற ஞாயிறு, இரண்டாம் பூசை முடிந்ததும் பள்ளிக்கூட மண்டபத்தில் நடக்கும். தெருவுக்கு இருவர் வரவேண்டும். வாய்க்காலுக்குத் தெற்கேயுள்ள தெருக்களிலிருந்தும் இருவர் இருவராக வரவேண்டும். பாலத்தின் அகலம் போதாது என்று யாரும் கவலைப்பட வேண்டாம். போன வாரம் உபதேசியாரையும் அழைத்துக்கொண்டு போய் நாடா வைத்து அளந்து பார்த்தோம். தேர் எட்டரை அடி. பாலம் பதினான்கு அடி. அளவு எழுதிய தாள் பங்குப் பேரவைச் செயலரிடம் இருக்கிறது. விரும்புகிறவர்கள் வாங்கிப் பார்த்துக்கொள்ளலாம்.